தும்புக் கொட்டகையின் நடுச்சுவர்

வணிக வரித் துறையில் புதிதாகச் சேர்ந்திருக்கும் பிள்ளைகள் சங்க மலருக்கு ஒரு கட்டுரை கேட்டார்கள். "கள ஆய்வு அனுபவம் ஏதாவது எழுதுங்க மேடம். சிரிக்கிற மாதிரி இருந்தா இன்னும் நல்லது" என்றார் ஒரு தம்பி. சிரிக்க என்னிடம் ஒன்றிரண்டு உண்டு. முதலில் அவற்றைச் சொல்லிவிடுகிறேன். அதன் பிறகு சொல்லப் போவது என் மகள் அபியைப் பற்றியது. அவளுக்குப் பத்து வயதாக இருந்தபோது, நான் அலுவலக நாற்காலியில் உட்கார்ந்து சொன்ன மூன்று நிபந்தனைகளால் எழுந்த ஒரு சுவருக்குப் பின்னால் அவள் தீயில் மாட்டிக்கொண்டாள். இப்போது அவளுக்குப் பதினேழு வயது. பக்கத்து வீட்டில் சருகு எரித்தாலும் நான் எழுந்து போய் அவள் எங்கே இருக்கிறாள் என்று பார்க்கிறேன்.

உதவியாளராகச் சேர்ந்தேன். தேர்வுகள் எழுதினேன். துணை வரி அலுவலராக விருப்ப ஓய்வு பெற்றேன். மொத்தம் இருபத்தைந்து ஆண்டு. முதல் சில ஆண்டுகள் கேரள எல்லையை ஒட்டிய சோதனைச் சாவடியில் போயின. அன்று கறிக்கோழிக்கு அந்தப் பக்கம் வரி உண்டு, இந்தப் பக்கம் இல்லை. லாரியில் போக வேண்டிய கோழி ஆட்டோவிலும் ஸ்கூட்டரிலும் எல்லை தாண்டியது. ஒரு நாள் ஆட்டோவின் பின்சீட்டில் போர்வை மூடிப் படுத்திருந்த 'நோயாளி' கொக்கரித்துவிட்டார். சாவடியே சிரித்தது. ஓட்டுநரும் சேர்ந்து சிரித்தார்.

பணியின் கடைசி ஆண்டுகளில் அரிசி மூட்டை. பெயர் அச்சிட்ட பையில் இருபத்தைந்து கிலோ வரை இருந்தால் வரி என்று வந்தது. உடனே ஆலைகள் இருபத்தாறு கிலோ மூட்டை போட்டன. கோட்டாறு சந்தையில் சுமை தூக்கும் ஒருவர் என்னிடம் சொன்னார்: "மேடம், அந்த ஒரு கிலோ சர்க்காருக்குத் தெரியாது. எனக்க முதுகுக்குத் தெரியும்."

சட்டத்தில் ஒரு கோடு போட்டால் மனிதர்கள் அந்தக் கோட்டை ஒட்டி நகர்ந்து உட்காருகிறார்கள் என்பதை அந்தக் கோழியே எனக்கு அன்று சொல்லியிருக்க வேண்டும். நான் சிரித்துவிட்டு வீட்டுக்குப் போனேன்.

எனக்கு வேலை கற்றுத் தந்தவர் என்றால் உதவி ஆணையர் ஞானசிகாமணி சார்தான். ஒல்லியான மனிதர். அரைக்கை வெள்ளைச் சட்டை. வியாபாரி இழுத்துப் போடும் நாற்காலியில் உட்காரவே மாட்டார். எந்த நிறுவனத்துக்கு ஆய்வுக்குப் போனாலும் வாசலில் நின்று முதலில் கேட்பது, "ஐயா, குடிக்கக் கொஞ்சம் தண்ணி." காபி கொண்டுவந்தால் வேண்டாம் என்பார். தண்ணீர் மட்டும்.

அவர் தாகத்துக்குக் கேட்கவில்லை என்பது எனக்கு மூன்றாவது ஆய்வில்தான் புரிந்தது. ஒரே இடத்தில் இரண்டு நிறுவனப் பெயர்ப்பலகை தொங்கினால் இரண்டிலும் தண்ணீர் கேட்பார். இரண்டுக்கும் ஒரே பெண் ஒரே குடத்திலிருந்து மொண்டு வந்தால் அவர் மனதில் ஒரு புள்ளி வைத்துக்கொள்வார். அடுத்தது வாசலில் கிடக்கும் செருப்புகள். அதற்கடுத்தது வேலைக்காரர்களின் சோற்றுப் பாத்திரம். வருகைப் பதிவேட்டைக் கடைசியாகத்தான் கையில் எடுப்பார்.

"ரெஜிஸ்டர் நாம பாக்கணும்னே எழுதி வச்சது அம்மா. சோத்துப் பாத்திரத்த யாரும் நமக்குக் காட்டுகதுக்காகக் கொண்டுவாறது இல்ல" என்றார் ஒருமுறை. ஒரு நாளைக்கு அதற்கு மேல் பேசினால் அவருக்குத் தொண்டை வலிக்கும் போல.

இரண்டு பெயர்ப்பலகை எதற்கு என்பதையும் சொல்லிவிட வேண்டும். ஓர் ஆண்டின் விற்பனை குறிப்பிட்ட வரம்புக்குள் இருந்தால் சிறு வணிகர் என்று பெயர். அவர் இணக்க வரி என்று சிறு விழுக்காடு கட்டிவிட்டு நிம்மதியாக இருக்கலாம். வரம்பைத் தாண்டினால் முழு வரி, மாதாமாதம் கணக்கு, ஒவ்வொரு ரசீதுக்கும் பதில். வளர்கிற வியாபாரி அந்த வரம்பின் அருகே வந்ததும் தயங்குவார். சிலர் விற்பனையைக் குறைத்துக்கொள்வார்கள். சிலர் மனைவி பெயரில் இன்னொரு பலகை தொங்கவிடுவார்கள். உண்மையாகவே மனைவி தனியாக நடத்தினால் அதில் தவறில்லை. உண்மையாகவே தனியா என்று பார்ப்பதுதான் என் வேலை.

சுயம்பு அண்ணாச்சியின் கொட்டகை ராஜாக்கமங்கலம் போகும் சாலையில் தென்னந்தோப்புக்குள் இருந்தது. தேங்காய் நாரை எங்கள் பக்கம் தும்பு என்போம். தும்பை அடித்து, உலர்த்தி, ராட்டில் கயிறாக முறுக்கி வெளியூருக்கு அனுப்பினார். நெற்றியில் எப்போதும் நாமம் இருக்கும். ஞாயிறு தவறாமல் அய்யாவழிக் கோயிலான பதிக்குப் போகிறவர். ஒரே நீளக் கொட்டகை. வடக்கு முனை சாலையைப் பார்த்தது, தெற்கு முனை தோப்பைப் பார்த்தது. வட பாதி அவர் பெயரில், தென் பாதி மனைவி ராஜம்மாள் பெயரில். நடுவே ஓலைத் தட்டி ஒன்று, அதில் ஆள் புகுந்து போக வழி.

முதல் ஆய்வுக்கு நான் தனியாகப் போனேன். சார் செய்கிற மாதிரியே தண்ணீர் கேட்டேன். தட்டிக்கு அந்தப் பக்கமிருந்து செல்லத்தாய் என்ற பெண் செம்போடு வந்தார். நாற்பத்தைந்து வயதிருக்கும். கையெல்லாம் தும்புத் தூசி. அவரோடே தென் பாதிக்குள் போனபோது சுவரோரம் ஒரு பலகையில் வரிசையாகச் சோற்றுப் பாத்திரங்கள் இருந்தன. எண்ணினேன். இரண்டு பதிவேட்டிலும் உள்ள பெண்களின் மொத்த எண்ணிக்கையும் அதுவும் ஒன்றாக இருந்தது.

நான் எண்ணுவதைச் செல்லத்தாய் பார்த்துவிட்டார். "என்ன மேடம், பழஞ்சோத்துக்கும் வரி உண்டோ?" என்றார். உள்ளே ராட்டுச் சத்தத்தை மீறிச் சிரிப்பு எழுந்தது.

"எல்லாரும் ஒண்ணாத்தான் சாப்பிடுவீங்களா?"

"பின்னே? தட்டிக்கு அங்கன ஒருத்தி, இங்கன ஒருத்தின்னு நின்னு திங்கவா? நல்ல கேள்வி கேக்கிய."

அந்தப் பதிலை அப்படியே அறிக்கையில் எழுதினேன். இரண்டும் ஒரே நிறுவனம் என்று முடித்தேன். சார் பச்சை மையில் கையெழுத்துப் போட்டு, முதல் முறையாக, "நல்லா பாத்திருக்கீங்க" என்றார். அந்த இரண்டு சொல்லுக்காக நான் வெகு நாள் காத்திருந்தேன். அறிவிப்பு போயிற்று.

இரண்டு வாரம் கழித்து அண்ணாச்சியின் வரி ஆலோசகர் கனகராஜ் என் மேசைக்கு வந்தார். பணிவான பையன். கோப்பை மடியில் வைத்துக்கொண்டு கேட்டார்: "மேடம், தப்புன்னு ஒத்துக்கிடுகோம். இனி என்ன இருந்தா ரெண்டும் தனித்தனின்னு நீங்க ஏத்துக்கிடுவீங்க? சொன்னா அதுபடி செய்யச் சொல்லுகேன்."

நான் கொஞ்சம் பெருமிதத்தில் இருந்தேன். விரல் விட்டுச் சொன்னேன். "நடுவில் நிரந்தரச் சுவர் வேணும். அதில் வழி இருக்கக் கூடாது. தனித்தனி வாசல். தனித்தனி மின் இணைப்பு."

அறிவிப்பின் பின்பக்கத்திலேயே அவர் குறித்துக்கொண்டார். மறுபடி படித்துக் காட்டினார். சரி என்றேன். இவ்வளவுதான் நடந்தது. லஞ்சம் இல்லை, கோபம் இல்லை, ஐந்து நிமிடம்கூட ஆகவில்லை. இடம் எப்படிப்பட்டது, உள்ளே என்ன குவிந்து கிடக்கிறது, எத்தனை பேர் உட்கார்ந்திருக்கிறார்கள் என்று எல்லாவற்றையும் கண்ணால் பார்த்துவிட்டு வந்தவள் நான். அவர் கேட்ட கேள்விக்குச் சரியான பதில் எது என்று மட்டும் யோசித்தேன்.

மூன்று மாதத்தில் எல்லாம் தயார் என்று கடிதம் வந்தது. நேரில் சரிபார்க்க சாரும் நானும் போவதாக ஏற்பாடு. அன்று காலை அபிக்குப் பள்ளி இல்லை. முந்தின நாள் ஆண்டு விழா முடிந்ததால் விடுமுறை விட்டிருந்தார்கள். அவள் அப்பா மஸ்கட்டில். வழக்கமாகப் பார்த்துக்கொள்ளும் பக்கத்து வீட்டு அக்கா சுசீந்திரத்தில் ஒரு கல்யாணத்துக்குப் போய்விட்டார். அலுவலகத்தில் விட்டுவிட்டுப் போகலாம் என்று கூட்டி வந்தேன். ஜீப் பக்கத்தில் நின்ற சார் அவளைப் பார்த்தார்.

"ஆபீசுல தனியா இருந்து என்ன செய்யும் பிள்ளை? ஏறு மக்கா."

விதிப்படி கூடாது. எனக்கும் தெரியும், அவருக்கும் தெரியும். அபி அதற்குள் ஏறிவிட்டாள்.

கொட்டகையின் வட வாசலில் இறங்கினோம். செல்லத்தாய் குடம் எடுக்க வடக்குப் பக்கம் வந்திருந்தார். "இது யாரு, மேடத்துக்க மகளா? அப்படியே உரிச்சு வச்சிருக்கு. ஏட்டி, ராட்டு பாத்திருக்கியா? வாறியா?" என்று கேட்டார். அபி என் முகத்தைப் பார்த்தாள். தலையசைத்தேன். இருவரும் கொட்டகையை வெளியே சுற்றிக்கொண்டு தெற்குப் பக்கம் போனார்கள். முன்பு என்றால் உள்ளேயே பத்தடி வைத்துப் போயிருக்கலாம். இப்போது தேங்காய் மட்டைக் குவியலையும் முள்வேலியையும் சுற்றிப் போக வேண்டும். நடுவில் சுவர் வந்துவிட்டதே.

சுவர் தரையிலிருந்து ஓடு வரை எழுந்து நின்றது. சிமெண்ட் பூச்சு, மேலே வெள்ளை. அண்ணாச்சி கையைக் கட்டிக்கொண்டு, "மேடம் சொன்ன மாதிரியே" என்றார். சார் வழக்கம்போல் தண்ணீர் கேட்டுக் குடித்தார். பிறகு சுவர் அருகே போய் விரல் முட்டியால் தட்டினார். இரண்டடி தள்ளி மறுபடி தட்டினார். குனிந்து, சுவர் தரையைத் தொடும் இடத்தை நகத்தால் சுரண்டினார். பூச்சு உதிர்ந்து செம்மண் தெரிந்தது.

"அஸ்திவாரம் இல்ல. தரை மேலேயே கல்ல அடுக்கி, மண்ணு வச்சு, மேல பூசியிருக்கு" என்றார் என்னிடம். "நாங்க வராம ஆனதும் எடுத்துடலாம்னு. அப்படித்தானே ஐயா?"

அண்ணாச்சி கட்டியிருந்த கையை அவிழ்த்தார். "சார், கயித்தக் கொண்டு போறதுக்கு வழி வேணும்லா சார். ரெண்டு வருசம் நிக்கட்டும்னுதான்... அந்தப் பெண்ணுங்களே மண்ணு கொழச்சுத் தந்தது. கொத்தனுக்குக் குடுக்கப் பைசா இல்ல சார்."

நான் மேசையில் தாளை விரித்தேன். 'நடுச்சுவர் நிரந்தரமானதல்ல' என்று எழுதத் தொடங்கினேன். நிரந்தரச் சுவர் கட்ட இன்னும் முப்பது நாள் அவகாசம் தரலாம் என்று அடுத்த வரி மனதில் ஓடிக்கொண்டிருந்தது. 'நிரந்தர' என்பது வரை எழுதியிருந்தேன். புகை நாற்றம் வந்தது.

முதலில் தோப்பில் யாரோ ஓலை எரிக்கிறார்கள் என்று நினைத்தேன். அடுத்த நொடி சுவருக்கு அந்தப் பக்கம் பெண்களின் கத்தல் கேட்டது. அதற்குள் அபியின் குரலும் இருந்தது. "அம்மா" என்றாள். மிக அருகே, ஒரு கல்லின் கனம் தள்ளி. கை நீட்டினால் தொடலாம் போலிருந்தது. நீட்டினேன். பூச்சு குளிர்ச்சியாக இருந்தது.

பிறகு தெரிந்தது இதுதான். தென் பாதிக்குத் தனி மின் இணைப்பு வேண்டும் என்று நான் கேட்டிருந்தேன் அல்லவா? தனி மீட்டரைத் தெற்கு வாசலுக்கு மேலே வைத்து, அங்கிருந்து ராட்டு மோட்டாருக்கு அவசரமாக ஒயர் இழுத்திருந்தார்கள். அந்த வாசலுக்கு உள்ளேதான் உலர்ந்த தும்பு குவிந்திருந்தது. பொறி அதில் விழுந்தது. தும்பு எரிவதைப் பார்த்தவர்களுக்குத் தெரியும், அது பற்றுவதில்லை, பாய்கிறது. இருந்த ஒரே வாசலை நெருப்பு முதலில் மூடிக்கொண்டது. காற்றுக்கு வைத்த துளைகள் உயரத்தில், கம்பி வலையோடு.

நான் ஓடினேன். வட வாசலால் வெளியேறி, மட்டைக் குவியலைச் சுற்றி, வேலி கிழித்ததுகூடத் தெரியாமல், தெற்கு வாசலுக்கு. ஏன் அங்கே ஓடினேன்? வாசல் அங்கேதான் இருந்தது. தனி வாசல் வேண்டும் என்று நான்தான் சொல்லியிருந்தேன். போய் நின்றபோது வாசல் முழுவதும் மஞ்சளாக இருந்தது. வெப்பம் முகத்தில் அறைந்தது. உள்ளே நுழையப் போனவளைத் தோப்பில் தேங்காய் வெட்டிக்கொண்டிருந்த இருவர் பிடித்துக்கொண்டார்கள். ஒருவர் கையைக் கடித்தேன். விடவில்லை. "அபி, அபி" என்று கத்தினேன். பதில் வந்திருந்தாலும் கேட்டிருக்குமா என்று தெரியவில்லை. ஓடுகள் வெடித்துக்கொண்டிருந்தன.

எத்தனை நேரம் என்று சொல்லத் தெரியவில்லை. நான்கு நிமிடம் என்று சார் பிறகு சொன்னார். அந்த நான்கு நிமிடத்தில் என் மகள் இல்லை என்று நான் முடிவு செய்துவிட்டேன். ஒரு தாய் அதை ஒருமுறை முடிவு செய்துவிட்டால், பிறகு பிள்ளை உயிரோடு வந்து நின்றாலும் அந்த முடிவு முழுதாக அழிவதில்லை.

உள்ளே நடந்ததை அபி சொல்லித்தான் தெரியும். புகை இறங்கியதும் செல்லத்தாய், முறுக்குவதற்காக நனைத்து வைத்திருந்த ஈரத் தும்பை அள்ளி அவள் தலை மேல் போட்டு, தரையில் குனிய வைத்திருக்கிறார். மற்றப் பெண்கள் சுவரில் அடித்து அழுதிருக்கிறார்கள். அப்போது செல்லத்தாய் கத்தியிருக்கிறார்: "ஏட்டி, அழாதுங்க! இது நாம மண்ணு கொழச்சு வச்ச செவருதானே. இதுக்கு என்ன பெலம் இருக்கு? எல்லாரும் முதுகக் குடுங்கட்டி, தள்ளு!"

ஏழு பெண்கள் முதுகைக் கொடுத்துத் தள்ளினார்கள். இந்தப் பக்கத்திலிருந்து சாரும் அண்ணாச்சியும் மேசையைக் கவிழ்த்து அதன் காலால் பூச்சை இடித்தார்கள். மூன்றாவது தள்ளலில் சுவர் இடுப்பளவுக்கு மேல் மொத்தமாக வடக்கே சரிந்தது. முதலில் அபியைத் தூக்கிக் கொடுத்தார்கள். கடைசியாக வந்த செல்லத்தாயின் கணுக்கால் மேல் மிச்சச் சுவர் விழுந்தது.

சார் என் மகளைத் தூக்கிக்கொண்டு கொட்டகையைச் சுற்றி வந்தார். அவள் தலைமுடியின் நுனி கருகியிருந்தது. இருமிக்கொண்டே, "அம்மா, நீ எங்க போன? நான் செவத்துக்கிட்ட நின்னு கூப்பிட்டேன்லா" என்றாள்.

ஒருவரும் சாகவில்லை. செல்லத்தாய்க்கு நாகர்கோவிலில் காலில் கம்பி வைத்தார்கள். இன்றும் ஒரு பக்கம் சாய்ந்துதான் நடக்கிறார்.

நான்காம் நாள் அறிக்கை எழுத உட்கார்ந்தேன். அண்ணாச்சி வந்து மேசை முன்னால் நின்றார். சண்டைக்கு வந்தவர் போல இல்லை. மெல்லக் கேட்டார்: "மேடம், நான் செஞ்சது கள்ளத்தனந்தான். ஒத்துக்கிடுகேன். ஆனா ஒண்ணு கேக்கேன். நீங்க சொன்ன மாதிரி காங்கிரீட்டுல கட்டியிருந்தா?"

அவர் ஏமாற்றியதால் என் மகள் பிழைத்தாள். நான் சொன்னபடி ஒழுங்காகக் கேட்டிருந்தால் எட்டுப் பேரும் உள்ளேயே இருந்திருப்பார்கள். இதை எந்தப் படிவத்தில் எந்தக் கட்டத்தில் நிரப்புவது?

உண்மையை எழுதினேன். சுவர் பொய்ச்சுவர், இரண்டும் ஒரே நிறுவனம். அதற்குக் கீழே இன்னொரு வாக்கியம் சேர்த்தேன்: 'சுவர், ஒற்றை வாசல், தனி மின் இணைப்பு ஆகிய மூன்றும் என் வாய்மொழி நிபந்தனையின் பேரில் செய்யப்பட்டவை.'

சார் படித்தார். பச்சைப் பேனாவால் அந்த வாக்கியத்தின் மேல் ஒரே கோடு இழுத்தார்.

"சார், அது உண்மை."

"உண்மைதான் அம்மா. ஆனா அறிக்கையில அதிகாரி ஒரு கண்ணு மட்டுந்தான். அவனுக்கு வாய் இருந்ததா எழுத இடம் கிடையாது. எழுதினா உங்க பிள்ளை ஏன் அங்க இருந்துன்னு முதல்ல கேப்பாவ."

அது எனக்குப் போதுமானதாக இருந்தது. பயந்தேன். மறுபேச்சு பேசவில்லை. அண்ணாச்சிக்கு முழு வரியும் அபராதமும் போயிற்று. ஒரு வருடத்தில் கொட்டகையை மூடினார். சர்க்காருக்கு அடுத்த ஆண்டு அங்கிருந்து இணக்க வரிகூட வரவில்லை. பெண்கள் நூறு நாள் வேலைக்கும் மீன் கம்பெனிக்கும் போனார்கள். என் முதல் அறிக்கை, சோற்றுப் பாத்திரம் எண்ணியது, நன்றாக இருக்கிறது என்று மற்ற அலுவலகங்களுக்கும் மாதிரியாகப் போயிற்று. அதோடு சேர்ந்து, யார் எப்போது எழுதிச் சேர்த்தார்களோ, அந்த மூன்று நிபந்தனைகளும் ஒரு பட்டியலாகப் போயின. பட்டியல் எங்களிடமிருந்து ஆலோசகர்களிடம் போயிற்று. நான் வாய் திறக்கவில்லை. சில ஆண்டுகள் எப்படியோ ஓட்டிவிட்டு விருப்ப ஓய்வில் வந்தேன்.

இந்த ஆண்டு அபி பன்னிரண்டாம் வகுப்பு முடித்தாள். மருத்துவ நுழைவுத் தேர்வை மறுபடி எழுத நாகர்கோவிலில் ஒரு பயிற்சி மையத்தில் சேர்ந்தாள். மூன்றாம் மாடி. இரண்டாம் நாள் சாப்பாட்டு நேரத்தில் போன் செய்தபோது சாதாரணமாகச் சொன்னாள்: "பயாலஜி முடிஞ்சு பிசிக்ஸ் போணும்னா ரோட்டுக்கு எறங்கி அடுத்த படியில ஏறணும்மா. காலு வலிக்கி."

போனை வைத்துவிட்டு அப்படியே பஸ் ஏறினேன்.

மூன்றாம் மாடியில் நீண்ட நடைபாதை. ஒரு முனையில் ஒரு படிக்கட்டு, மறுமுனையில் இன்னொன்று. நடுவே புதிதாகப் பூசிய சுவர். இந்தப் பக்கம் உயிரியல், அந்தப் பக்கம் இயற்பியலும் வேதியியலும். இரண்டு பெயர்ப்பலகை. வகுப்பறைச் சன்னல்களில் ஏசிக்காகக் கண்ணாடி அடைத்திருந்தது. வரவேற்பறைப் பெண் சிரித்துக்கொண்டே வந்தார்.

"அந்தச் சுவர் எதுக்கும்மா?"

"அது ஜிஎஸ்டிக்கு மேடம். சார் பேர்ல ஒண்ணு, அவங்க வைஃப் பேர்ல ஒண்ணு. தனி வாசல், தனி மீட்டர், நடுவுல சுவர். இது மூணும் இருந்தா கேக்க மாட்டாங்களாம். எங்க ஆடிட்டர் லிஸ்ட்டே வச்சிருக்காரு."

நான் சுவரில் தோளைக் கொடுத்துத் தள்ளினேன். வகுப்பிலிருந்து பிள்ளைகள் எட்டிப் பார்த்தார்கள். "அம்மா, எல்லாரும் பாக்காவ" என்று அபி வந்து கையைப் பிடித்தாள். சுவர் கொஞ்சமும் அசையவில்லை. கல்லும் சிமெண்டும் வைத்து நேர்மையாகக் கட்டியிருந்தார்கள்.

அபியை அன்றே கூட்டிக்கொண்டு வந்துவிட்டேன். வீட்டிலிருந்து படிக்கிறாள். ஆனால் மற்றப் பிள்ளைகள் அங்கேதான் இருக்கிறார்கள். ஒரு பக்கத்துக்கு அறுபது பேர் இருக்கும். என் பிள்ளை அங்கே இல்லை என்றதும் எனக்கு மூச்சு வந்தது. அந்த மூச்சை நினைத்தால் வெட்கமாக இருக்கிறது.

தீயணைப்புத் துறைக்கு மனு கொடுத்தேன். ஒவ்வொரு நிறுவனத்துக்கும் ஒரு படிக்கட்டு இருக்கிறது, பார்ப்போம் என்றார்கள். என் பழைய துறைக்கும் எழுதினேன். அன்று சார் கோடிட்டு அடித்த வாக்கியத்தை, என் பெயரும் பதவியும் போட்டு, முதல் வரியாக எழுதினேன். ஒரு இளைய அலுவலர் போனில் அழைத்தார். மரியாதையான பெண்.

"மேடம், நேர்ல போய்ப் பாத்தோம். நீங்க சொன்ன பட்டியல்படியே பாத்தோம். சுவர், வாசல், மீட்டர் மூணும் இருக்கு. ரெண்டும் தனித்தனிதான். நாங்க இடிக்கச் சொன்னா அது ஒரே நிறுவனம்னு நாங்களே சொன்ன மாதிரி ஆயிரும் மேடம்."

அந்தப் பெண் சொன்னதில் பிழை இல்லை. அதுதான் என்னை அதிகமாகப் பயமுறுத்துகிறது. பணியில் இருக்கும் பிள்ளைகளே, நீங்கள் கேட்கிற கேள்விக்கு வியாபாரி பதில் மட்டும் சொல்வதில்லை, அதன்படி கட்டிடத்தையும் மாற்றிவிடுகிறார். கேட்பதற்கு முன், அந்தக் கட்டிடத்தின் நடுவில் நின்று, இங்கே தீப்பிடித்தால் எந்தப் பக்கம் ஓடுவேன் என்று ஒருமுறை சுற்றிப் பாருங்கள். நான் பார்க்கவில்லை.

நேற்றுச் சாயங்காலம் அந்த அலுவலரோடு போன் பேசி முடித்துவிட்டு அடுக்களையில் உட்கார்ந்திருந்தேன். அபி புத்தகத்தோடு வந்து எதிரே உட்கார்ந்தாள்.

"நீ கேட்டதுக்குத்தானே கட்டினாவ. இடின்னு கேட்டா ஏன் இடிக்க மாட்டாவ?"

"கட்டினா வரி குறையும் மக்கா. இடிச்சா அவங்களுக்கு என்ன கிடைக்கும்? வரிதான் கூடும்."

அவள் புத்தகத்தை மூடினாள். "அப்போ வழி தொறந்து வச்சிருக்கவனுக்கு வரி குறைச்சல்னு சொல்லிரு. நாளைக்கே எல்லாவனும் இடிச்சிருவான்."

இருபத்தைந்து ஆண்டில் எனக்கு இது தோன்றவில்லை. இன்று காலை எழுந்ததும் அவள் சொன்னதையே ஒரு மனுவாக எழுதி, ஆணையர் அலுவலகத்துக்குத் தபாலில் சேர்த்துவிட்டு வந்தேன். சென்னைக்குப் போய்ச் சேர இரண்டு நாளாகும் என்று தபாலாபீசில் சொன்னார்கள். நான் வீட்டுக்குத் திரும்பும்போது மணி பத்து. அங்கே மூன்றாம் மாடியில் வேதியியல் வகுப்பு தொடங்கியிருக்கும்.